முட்டைக்கு இல்லாத வரி

அந்தக் காலத்தில், பறவைகளும் மிருகங்களும் பேசிக்கொண்டிருந்தபோது, கருங்கோரை ஏரிப் பக்கம் மனிதர்கள் வந்திருக்கவில்லை. ஏரியும் கரையும் பறவைகளுக்கே சொந்தம். ஒவ்வொரு மழைக்கும் கரை உடையும். தண்ணீர் பொட்டலில் பாய்ந்து வீணாகும். பிறகு கோடை முழுவதும் எல்லோரும் தொண்டை காய்ந்து கிடப்பார்கள்.

ஒரு வருடம் பறவைகள் சபை கூடி, கரையை உயர்த்த வரி போடுவது என்று முடிவு செய்தன. வரி என்றால் களிமண்தான். வடகோடிப் பள்ளத்திலிருந்து தினமும் வாய்நிறைய மண் எடுத்துவந்து கரையில் அப்ப வேண்டும். கொடுக்காதவர்களுக்கு ஏரியில் தண்ணீர் கிடையாது.

அப்போது எழுத்து கிடையாது. சபை முடிவு செய்வதை யாராவது ஒருவர் வாசகமாகக் கட்டி, ஏரியைச் சுற்றிக் கூவிச் சொல்ல வேண்டும். அந்த வேலை ஆட்காட்டியுடையது. அவனுக்குக் கணீரென்ற குரல். ஒருமுறை கேட்டதை மறக்கமாட்டான். இத்தனை பேருக்குச் சேதி சொன்னாலும் அவனுக்கென்று இருந்தது ஒரே ஒரு தங்கைதான். பெயர் செவலை. தாய் தகப்பன் போன பிறகு ஒரே மேட்டில் ஒட்டிக்கொண்டு வளர்ந்தவர்கள். அந்த வருடம் செவலையின் புருஷனை ராஜாளி அடித்துக்கொண்டு போய்விட்டது. நான்கு முட்டைகளோடு அவள் தென்கோடியில் தனியாக அடை கிடந்தாள்.

மழைக்கு இரண்டே மாதம் இருந்தது. எல்லோருக்கும் அவசரம். ஆட்காட்டி யோசித்து வாசகத்தைக் கட்டினான்: "கூட்டில் உள்ள ஒவ்வொன்றுக்கும் நாளொரு வாய் மண்." சொல்லிப் பார்த்தபோது நாக்கில் நன்றாக உருண்டது. சபையில் யாரும் ஒரு கேள்வியும் கேட்கவில்லை. தலைமையில் இருந்த கூழைக்கடா, "ஆகட்டும்," என்று தலையசைத்தார். அன்றைக்கே ஆட்காட்டி ஏரி முழுக்கக் கூவிச் சொல்லிவிட்டான்.

மூன்றாம் நாள் உச்சிவெயிலில் செவலை அவனைத் தேடி வந்தாள். அலகில் மண் காய்ந்து ஒட்டியிருந்தது.

"அண்ணே, நாரையார் என்கிட்ட அஞ்சு வாய் மண் கேக்கிறார்."

"அஞ்சா? நீ ஒருத்திதானே?"

"முட்டை நாலையும் எண்ணுகிறார். கூட்டில் உள்ள ஒவ்வொன்றுக்கும் என்றுதானே சட்டம், அப்படீங்கிறார்."

ஆட்காட்டி வாசகத்தை மனசுக்குள் சொல்லிப் பார்த்தான். நாரை சொன்னதில் தப்பில்லை. அவன் நினைத்தது இறக்கை உள்ளவர்களை. வாயில் வந்தது வேறு.

இருவரும் வரி வாங்கும் நாரையிடம் போனார்கள். நாரை கெட்டவர் இல்லை, பொறுமையாகத்தான் பேசினார்.

"தம்பி, நீ மனசில் என்ன வைத்திருந்தாய் என்று எனக்கு எப்படித் தெரியும்? நீ கூவியது காதில் விழுந்தது. அதன்படி வாங்குகிறேன். கொக்கு வீட்டில் மூன்று முட்டைக்கும் வாங்கியாயிற்று. இவளுக்கு மட்டும் விட்டால் அவர்கள் வந்து கேட்கமாட்டார்களா?"

திரும்பும் வழியில் செவலை நின்றாள்.

"அண்ணே, முட்டைக்கு இல்லைன்னு நீயே ஒரு தடவை கூவிடு. நீ சொன்னால் சபை சொன்ன மாதிரிதான். யாரும் குறுக்கே கேக்கமாட்டாங்க."

அது உண்மை என்று ஆட்காட்டிக்குத் தெரியும். தொண்டை வரைக்கும் வந்தது. ஆனாலும் அவன் விழுங்கிக்கொண்டான்.

"சபை சொன்னதைச் சபைதான் மாற்றணும், செவலை. இன்றைக்கு உனக்காக நான் ஒன்றை மாற்றினால், நாளைக்கு என் குரலை யார் நம்புவார்கள்? பௌர்ணமிக்குச் சபை கூடும். பன்னிரண்டு நாள்தான். பொறுத்துக்கொள்."

"நான் பொறுப்பேன்," என்றாள் அவள். "முட்டை பொறுக்குமா?"

கேட்டுவிட்டு அவள் களிமண் பள்ளத்துப் பக்கம் பறந்துபோனாள்.

அவன் கூழைக்கடாவிடம் ஓடி விஷயத்தைச் சொன்னான். "பிசகு ஒன்று இருந்தால் இன்னும் நாலு இருக்கும்," என்றார் கூழைக்கடா. "ஏரி முழுக்கச் சுற்றி எல்லோருடைய குறையையும் கேட்டுக்கொண்டு வா. சேர்த்துத் திருத்துவோம். மாதத்துக்கு ஒரு தடவை சட்டத்தைப் பிரித்து மாட்டிக்கொண்டிருக்க முடியாது."

அதுவும் நியாயமாகத்தான் பட்டது. ஆட்காட்டி மரம் மரமாக, புதர் புதராகப் போனான். தூக்கணாங்குருவி, கட்டி முடிக்காத கூடு கூட்டுக் கணக்கில் வருமா என்று கேட்டது. மரங்கொத்தி, பொந்து என்பது கூடா இல்லையா என்று கேட்டது. அவன் ஒவ்வொன்றையும் மனப்பாடம் செய்துகொண்டான். தென்கோடிக்கு மட்டும் போகவில்லை. அங்கே என்ன குறை என்பது அவனுக்குத் தெரிந்ததுதானே, மற்றவர்களை முதலில் கேட்போம் என்று தள்ளிப்போட்டான். தங்கையின் முகத்தில் விழிக்கத் தெம்பில்லை என்பதை அவன் தனக்கே சொல்லிக்கொள்ளவில்லை.

பௌர்ணமியன்று காலையில் சபை கூடியது. ஆட்காட்டி எல்லாவற்றையும் ஒப்பித்தான். இந்தத் தடவை யாரும் அவசரப்படவில்லை. ஒவ்வொரு சொல்லையும் தட்டித் தட்டிப் பார்த்தார்கள். பொந்தும் கூடுதான் என்று ஆயிற்று. கட்டி முடிக்காதது கூடில்லை என்று ஆயிற்று. முட்டை வந்தபோது காகம் எழுந்தது.

"பாதி உடைந்து குஞ்சு தலையை நீட்டிக்கொண்டிருந்தால் அது முட்டையா, குஞ்சா?"

"குஞ்சானாலும் இறக்கை முளைக்கும்வரை வரி இல்லை என்று வைத்துவிடுவோம்," என்றார் நாரை. அவருக்கும் அந்த முட்டைகளை எண்ணுவது பிடித்திருக்கவில்லை போலிருக்கிறது.

குயில் தயங்கித் தயங்கிக் கேட்டது. "ஒருவர் முட்டை இன்னொருவர் கூட்டில் இருந்தால்?"

"முட்டைக்கே இல்லை என்ற பிறகு யாருடையதாயிருந்தால் என்ன?" என்றது காகம். குயில் நிம்மதியாக உட்கார்ந்தது.

கடைசியாகக் கூழைக்கடா முடிவைச் சொன்னார். இறக்கை முளைத்தவர்களுக்கு மட்டுமே வரி. இந்தத் திருத்தம் இன்றுமுதல் அல்ல, சட்டம் போட்ட நாள்முதலே செல்லும். கூடுதலாக மண் கொடுத்தவர்கள் அத்தனை நாளுக்குக் கொடுக்க வேண்டியதில்லை. வரிக்குப் பயந்து ஏரியை விட்டுப் போனவர்கள் திரும்பி வரலாம்.

"சொல்லிவிட்டு வா," என்றார்.

ஆட்காட்டி நேராகத் தென்கோடிக்குப் பறந்தான். தூரத்திலிருந்தே கூவினான். "முட்டைக்கில்லை, செவலை. முட்டைக்கில்லை."

செவலையைக் காணவில்லை. அவள் படுத்திருந்த சின்னக் குழியில் நான்கு முட்டைகளும் அப்படியே இருந்தன. அலகால் மெதுவாகத் தொட்டான். வெயிலில் வெந்து கல் மாதிரி கிடந்தன.

பக்கத்துக் காரைப் புதரில் இருந்த கவுதாரி வெளியே வந்தது.

"ஒரு வாரம் சுமந்தாள் அண்ணாச்சி. இங்கிருந்து வடகோடிக்குத் தினம் அஞ்சு நடை. ஓடி வந்து நிழல் கொடுப்பாள், மறுபடி ஓடுவாள். நான் கொஞ்ச நேரம் நின்று பார்த்தேன், என் உடம்பு அந்த நாலையும் மூடவில்லை. எட்டாம் நாள் முட்டையை உருட்டிப் பார்த்துவிட்டு ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தாள். அப்புறம் எழுந்து பொட்டல் பக்கம் நடந்துபோய்விட்டாள்."

"நடந்தா போனாள்?"

"நடந்துதான்."

"என்னைப் பற்றி ஏதாவது சொன்னாளா?"

"இல்லை," என்றது கவுதாரி.

ஆட்காட்டி அந்த மாலைக்குள் ஏரியைச் சுற்றிக் கூவி முடித்தான். எல்லோரும் சந்தோஷப்பட்டார்கள். போயிருந்தவர்கள் ஒவ்வொருவராகத் திரும்பினார்கள். மழை வந்தது, கரை நின்றது, ஏரி நிறைந்தது. நல்ல சட்டம் என்று பேசிக்கொண்டார்கள். செவலை மட்டும் வரவில்லை. அவளுக்குச் சேதி போய்ச் சேரவில்லை என்று ஆட்காட்டி நினைத்தான். வேறு எப்படியும் நினைக்க அவனால் முடியவில்லை.

சபை வேலையை விட்டுவிட்டுப் பொட்டலுக்குப் போனான். அவள் நடந்து போனவள், ஆகையால் அவனும் மரத்தில் உட்காராமல் தரையிலேயே நடந்தான். சரளைமேடும் தரிசும் கட்டாந்தரையும் தாண்டித் தாண்டிப் போனான். எங்கேயாவது காலடிச் சத்தம் கேட்டால் அவள்தானோ என்று எழும்பிக் கூவினான். நரியாக இருக்கும், முயலாக இருக்கும், ஒன்றுமே இல்லாமல் காற்றாகவும் இருக்கும். அவன் கூவி முடித்துவிட்டு இறங்கிக்கொள்வான். பின்னாளில் அவனுக்குப் பெண்டாட்டி வந்தாள், அந்தச் சரளைக் கற்களுக்கு நடுவிலேயே பிள்ளைகள் பிறந்தன. பிள்ளைகள் முதலில் பழகிய பேச்சு அந்த ஒரு வார்த்தைதான்.

அன்று முதல்தான் ஆட்காட்டி பொட்டலில் யார் கால் வைத்தாலும், மனிதரோ மாடோ என்று பாராமல், தலைக்கு மேலே சுற்றிச் சுற்றி, "முட்டைக்கில்லை, முட்டைக்கில்லை" என்று கூவிக்கொண்டே இருக்கிறது.