காணாமல் போன அரை சென்டிமீட்டர்

ஒரே உடம்பு, இரண்டு அளவு, மிச்சமிருப்பதோ ஒரே ஒரு வேலை. காதைக் கொஞ்சம் இப்படிக் கொடுங்கள். விடை கதைக்குள்ளேயேதான் கிடக்கிறது.

வால்பாறைப் பக்கத்து எஸ்டேட் ஒன்றில் பிறந்தவள் சந்தனமாரி. அவள் நடக்காத மலைத்தடம் இல்லை. அம்மா பகல் முழுக்க இலை மூட்டை சுமப்பவள். அவர்கள் வீட்டில் உப்பு டப்பா உயரமான பலகையில் இருக்கும். காலையில் குதிகாலைத் தூக்கினால் அம்மாவின் கைக்கு எட்டிவிடும். வேலை முடிந்து வந்து அதேபோல் தூக்கினால் எட்டாது. "நாம இல்லாத நேரம் பாத்து மேல ஏறிக்குது" என்று அம்மா அலுத்துக்கொள்வாள். சந்தனமாரி சிரித்துக்கொண்டே எடுத்துக் கொடுப்பாள்.

வனக்காவலர் தேர்வு வந்தது. எழுத்துத் தேர்வு மதிப்பெண்ணில் பட்டியலின் கடைசி இடம் சந்தனமாரிக்கு. அவளுக்கு அடுத்து, காத்திருப்போரில் முதல் பெயர் பௌசியா. மீதி இரண்டு: பதினாறு கிலோமீட்டர் நடை, மருத்துவப் பரிசோதனை. பெண்களுக்கு நூற்றைம்பது சென்டிமீட்டர் உயரம் இருந்தாக வேண்டும்.

அளக்கும் கோல் ஒன்றே ஒன்று. நடை எட்டரை மணிக்கு. அதற்குள் நாற்பது பேரை அளப்போம், மற்றவர்கள் நடந்து வந்த பிறகு என்று சொல்லிவிட்டார்கள். சந்தனமாரியின் டோக்கன் நாற்பது. பின்னால் நாற்பத்தொன்றோடு நின்ற பௌசியா, குழந்தைக்குக் காய்ச்சல், நடை முடிந்த கையோடு ஓட வேண்டும் என்றாள். சந்தனமாரி பேச்சை வளர்க்காமல் டோக்கனை மாற்றிக் கொடுத்தாள்.

காலையில் பௌசியாவின் உயரம் நூற்றைம்பதுக்கு மேல் இரண்டு மில்லிமீட்டர். தேறினாள். சந்தனமாரி நடையில் முதல் ஆளாக வந்தாள். வரிசையில் நின்று அளக்கும் கோலுக்கு அடியில் போனபோது மணி மூன்று. டாக்டர் இரண்டு தடவை அளந்தார். நூற்று நாற்பத்தொன்பதரை. 'தகுதியில்லை' என்று எழுதினார். அவள் இடம் பௌசியாவுக்குப் போனது.

சந்தனமாரி உயர் நீதிமன்றம் போனாள். வழக்கு முடியும்வரை அந்த இடம் நிறுத்திவைக்கப்பட்டது. அரை சென்டிமீட்டர்தானே, சலுகை கேட்டுப் பார்க்கலாம் என்றார் வக்கீல்.

"சலுகை வேண்டாம் சார். இன்னொரு தடவை அளக்கச் சொல்லுங்க. குறைஞ்சா நான் இலை பறிக்கப் போறேன்."

நீதிபதியம்மா வேறொரு அரசு மருத்துவமனையில் அளக்கச் சொன்னார். காலை ஏழரைக்கு வரச் சொன்னார்கள். ராத்திரி நன்றாகத் தூங்கி எழுந்து போனாள். நூற்றைம்பதுக்கு மேல் நாலு மில்லிமீட்டர்.

அரசு வக்கீல் விடவில்லை. இருபத்தாறு வயதுக்காரி ஏழு மாதத்தில் வளர்ந்துவிட்டாளா, கொண்டைக்குள் என்ன வைத்திருந்தாள் என்று கேட்டுச் சொல்லுங்கள் என்றார். கோர்ட்டே சிரித்தது. சந்தனமாரி நின்ற இடத்திலேயே கொண்டையை அவிழ்த்தாள். இரண்டு ஹேர்பின் விழுந்தன. அவ்வளவுதான். தலையை நிமிர்த்தியே வைத்திருந்தாள்.

அந்த இடம் பௌசியாவுக்குப் போயிருந்ததால் அவளையும் வழக்கில் சேர்த்திருந்தார்கள். பின்வரிசையிலிருந்து அவள் எழுந்தாள்.

"அன்னைக்குக் காலைல அளந்திருக்க வேண்டியது அக்காவைத்தான். அவங்க டோக்கன்ல என்னை அளந்தாங்க."

"இதைச் சொன்னா உன் வேலை என்னாகும்னு தெரியுமா?" என்றார் நீதிபதியம்மா.

"தெரியும்மா. டோக்கனைக் குடுக்கும்போது அவங்க யோசிக்கலியே."

நீதிபதியம்மா இருவரையும் பார்த்தார். பிறகு பேனாவை எடுத்தார்.

இனி நீங்கள் சொல்லுங்கள். இரண்டு டாக்டர்களில் யார் அளந்தது சரி? அந்த வேலை யாருக்கு?

விடை: இருவர் அளந்ததும் சரி. முதுகெலும்பின் கணுக்களுக்கு நடுவே மெத்தை மாதிரி தட்டுகள் உண்டு. நின்று, நடந்து, சுமந்து பகல் கழியும்போது அவை அமுங்கும். படுத்து எழுந்தால் பழையபடி ஆகும். உப்பு டப்பா மேலே ஏறவில்லை, அம்மாதான் இறங்கியிருந்தாள். சிலரைக் காலையிலும் சிலரை நடக்கவிட்ட பிறகும் அளந்துவிட்டு ஒரே கணக்கில் தள்ளுவது முறையல்ல என்று தீர்ப்பானது. காலை அளவில் இருவருமே தேறியவர்கள். மதிப்பெண்ணில் முந்தியவள் சந்தனமாரி. வேலை அவளுக்கு. அடுத்த ஆண்டுத் தேர்வில் பௌசியா வந்து சேர்ந்தபோது வரிசை நீண்டு கிடந்தது. ஆனால் ஒன்றாம் எண் டோக்கன் அவளுக்காகக் காத்திருந்தது. விடியற்காலையிலேயே வந்து அதை வாங்கி வைத்திருந்தவள், காக்கிச் சீருடையில், வரிசையின் முன்னால் நின்றிருந்தாள்.