இடிக்க வேண்டிய சர்ச்

"என்னால இடிக்க முடியாது மேடம்" என்றார் கோர்னெல். கையிலிருந்த கடப்பாரையைக் கீழே போட்டார்.

வியோரிகா அதை எடுத்து ஓரமாக வைத்தார். யார் காலிலாவது பட்டுத் தொலைக்கும்.

ருமேனியாவில் சினிமாவுக்கு செட் போடுகிற கலை இயக்குநர் இந்த வியோரிகா. முப்பது வருஷத்தில் அரண்மனை கட்டியிருக்கிறார், ஜெயில் கட்டியிருக்கிறார், ஒரு முழு ரயில்வே ஸ்டேஷனே கட்டியிருக்கிறார். எதுவும் இப்போது இல்லை. ஷூட்டிங் முடிந்தால் இடித்துவிட வேண்டும், அதுதான் தொழில்.

கோர்னெல் அவருடைய சிஷ்யர். குருவைவிட இரண்டு வயது மூத்த சிஷ்யர். அதற்கு முன்னால் நிஜக் கட்டடம் கட்டிக்கொண்டிருந்த இன்ஜினியர்.

இந்தத் தடவை செட், ரோட்டோர வயலில் ஒரு சர்ச். கட்டியது கோர்னெல். நேற்றோடு ஷூட்டிங் முடிந்துவிட்டது. இன்று சாயங்காலத்துக்குள் நிலத்தைத் திருப்பித் தர வேண்டும். கோதுமை விதைக்க வயல்காரர் டிராக்டரோடு வந்து நின்றுகொண்டிருந்தார்.

"முடியாதுன்னா?"

"பஸ்ல போற ஜனங்க இதைப் பார்த்துச் சிலுவை போட்டுக்கறாங்க மேடம். சர்ச்சைத் தாண்டும்போது நம்ம ஊர்ல கை தானாப் போகுமே. எதுக்குப் போடறாங்க? பிளைவுட்டுக்கு! அத்தனை பேரையும் ஏமாத்திட்டேன். விட்டு வச்சாலும் பாவம், இடிச்சாலும் பாவம். தூக்கமே போச்சு. இந்தத் தொழிலே வேண்டாம், நாளைக்கே பழைய வேலைக்குப் போறேன்."

வியோரிகா போனை எடுத்துப் பார்த்தார். மறுபடி பையில் வைத்தார்.

காலையிலிருந்து இதேதான். தலைநகரில் அவர் மகளுக்கு இருதய ஆபரேஷன் நடந்துகொண்டிருந்தது. "நீ பக்கத்துல நின்னா எனக்குத்தான் பயமா இருக்கு, போய் உன் வேலையைப் பாரு" என்று மகளே விரட்டிவிட்டாள். பெற்ற வயிறு என்ன பாடுபடும்!

"வாங்க, பஸ்ல ஒரு தடவை போய்ட்டு வருவோம்" என்றார் வியோரிகா.

முந்தின ஸ்டாப் வரைக்கும் நடந்து போய் ஏறினார்கள்.

சர்ச் வந்தது. பஸ்ஸில் பாதிப் பேர் சிலுவை போட்டுக்கொண்டார்கள்.

"பார்த்தீங்களா?" என்று கோர்னெல் திரும்பினார்.

வியோரிகா கண்ணை மூடியிருந்தார். அவரும் சிலுவை போட்டுக்கொண்டிருந்தார்.

கோர்னெலுக்குத் தூக்கிவாரிப்போட்டது.

"மேடம்! அந்தக் கோபுரம் தெர்மாகோல்! தெர்மாகோலே போதும்னு சொன்னதே நீங்கதான்!"

"தெரியும்."

"பின்னே?"

"இந்த பஸ் வேற எந்த சர்ச் பக்கமும் போகலையே."

கோர்னெல் ஜன்னல் வழியாகத் திரும்பி சர்ச்சைப் பார்த்தார்.

டவுனில் இறங்கித் திரும்பி வரும் பஸ்ஸில் ஏறியதுமே போன் அடித்தது. வியோரிகாவுக்கு அதை எடுக்கக் கை வரவில்லை. "நீங்க பேசுங்க" என்று நீட்டினார். மறுமுனையில் மருமகன்தான். கேட்டதைக் கோர்னெல் அப்படியே சொன்னார்.

"முழிச்சுட்டாளாம் மேடம்! நல்லா இருக்காளாம்! தண்ணி கேட்டு நர்ஸோட சண்டை போடறாளாம்!"

வியோரிகா முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். அழுதுகொண்டே சிரித்தார். முன் சீட்டு அம்மாள் என்ன ஏது என்று கேட்காமலே கைக்குட்டையை நீட்டினாள். அப்பாடா என்று கோர்னெலும் மூச்சு விட்டார். சொந்த மகள் பிழைத்த மாதிரி இருந்தது அவருக்கு.

கொஞ்ச தூரம் போனதும் தயங்கித் தயங்கிக் கேட்டார்.

"தப்பா நினைக்காதீங்க மேடம். போன் வேற மாதிரி வந்திருந்தா?"

வியோரிகா மூக்கைத் துடைத்துக்கொண்டார்.

"அப்பவும் திரும்பி வரும்போது கும்பிட்டிருப்பேன். அப்பவும் சாயங்காலத்துக்குள்ள இடிச்சிருப்பேன். வயல்காரர் பாவம், காத்துக்கிட்டிருக்கார் இல்ல?"

கோர்னெல் எழுந்து, இறங்குவதற்கு மணியை அழுத்தினார். "கடப்பாரையை எங்க வச்சீங்க மேடம்?"