வெயிலுகந்தாள் கொடுத்த இரண்டு வாக்கு

கதை முடிந்ததும் நீங்கள் ஒரு தீர்ப்புச் சொல்ல வேண்டியிருக்கும். அதனால் நிதானமாகவே கேளுங்கள்.

சாத்தூர்ப் பக்கம் தீப்பெட்டி ஆபீஸ் என்று சொல்லும் தொழிற்சாலை ஒன்றில் குச்சி அடுக்கும் வேலை பார்த்தவள் வெயிலுகந்தாள். கை குச்சி அடுக்க, வாய் பாட்டுக் கட்டும். கோயில் கொடைத் திருவிழா மேடைகளில் உறுமி மேளம் வாசிக்கும் இருளப்பனோடு சேர்ந்து பாடத் தொடங்கினாள். இருபத்தாறு வயதில், மதுரையில் கேசட் கம்பெனி வைத்திருந்த தேவசகாயம் அவளை அழைத்துப் பதிவு செய்தார். முதல் இரண்டு கேசட்டுகளும் மினி பஸ், டீக்கடை, கல்யாண வீடு என்று எங்கும் ஒலித்தன.

மூன்றாவது கேசட்டுக்காக அவள் மதுரை போயிருந்த ஒரு பங்குனி நாளில் ஆபீஸில் தீப்பிடித்தது. வேலை நேரத்தில் யாரும் வெளியே போய்விடக் கூடாதென்று கதவை வெளிப்பக்கம் பூட்டுவது அங்கே வழக்கம். பூட்டை உடைப்பதற்குள் மூன்று பெண்கள் உடம்பெல்லாம் வெந்து ஆஸ்பத்திரிக்குப் போனார்கள். ஆஸ்பத்திரி வராந்தாவில் உட்கார்ந்து வெயிலுகந்தாள் ஒரு பாட்டுக் கட்டினாள்.

‘கதவத் தொற முதலாளி – உள்ள
கருகுறா ஒன் தொழிலாளி’

மூவரின் கட்டிலுக்கும் நடுவே நின்று பாடிக் காட்டினாள். “இனிமே நான் ஏறுற எந்த மேடையிலயும் இதுதான் முதப் பாட்டு. இது சத்தியம்” என்றாள். அந்த வாரத்திலேயே இருவர் இறந்துபோக, குருவம்மாள் மட்டும் வீடு திரும்பினாள்.

பாட்டைக் கேசட்டில் போட எந்தக் கம்பெனியும் துணியவில்லை. தேவசகாயம் மட்டும் துணிந்தார். ஆனால் ஒரு நிபந்தனை வைத்தார்.

“ஒரு எழுத்துக் குறையாமப் போடுறேன். யார் மிரட்டினாலும் வெட்ட மாட்டேன். ஆனா நீ அஞ்சு வருசத்துக்கு இதை மேடையில பாடக் கூடாது. கேசட்டோட போனா நான் சமாளிப்பேன். மேடையில பாடிக் கூட்டம் சேர்ந்தா என் கம்பெனியவே மூடிருவாங்க.”

வேறு வழியில் பாட்டு வெளியே வராது என்று தெரிந்ததால் கையெழுத்துப் போட்டாள். தேவசகாயமும் சொன்னதைக் காப்பாற்றினார். தீப்பெட்டி முதலாளிகள் இருமுறை ஆள் அனுப்பியும் ஒரு வரியைக்கூட அவர் எடுக்கவில்லை.

இப்போது வெயிலுகந்தாளிடம் ஒன்றோடொன்று மோதும் இரண்டு வாக்குகள் இருந்தன. மேடையே ஏறாமல் இருந்து இரண்டையும் காப்பாற்றினாள். மூன்று வருடம் எத்தனையோ ஊர்க் கொடைக்கு அழைப்பு வந்தது. “தொண்டை சரியில்ல” என்று எல்லாவற்றையும் மறுத்தாள். கேசட்டில் மட்டும் அவள் குரல் ஊர் ஊராகப் போனது.

மூன்றாம் வருட முடிவில், தீ விபத்துக்காக முதலாளி மேல் நடந்த வழக்கு தள்ளுபடி ஆனது. அதுவரை மூடிக் கிடந்த அதே ஆபீஸ், அதே ஒற்றைக் கதவோடு திறக்கப் போவதாகச் செய்தி வந்தது. வெளிப்பூட்டை எடுக்காமல் உள்ளே போவதில்லை என்று பெண்கள் சந்தை மைதானத்தில் கூட்டம் போட்டார்கள். வெயிலுகந்தாள் வந்தால்தான் மற்றவர்களுக்குத் தைரியம் வரும் என்று ஆள் அனுப்பினார்கள்.

இருளப்பன் ஒரு வழி சொன்னார். “தங்கச்சி, நீ மேடையில ஏறாத. கீழ மண்ணுல நின்னு பாடு. மேடையில பாட மாட்டேன்னுதான எழுதிக் குடுத்த? ரெண்டு பக்கமும் வாக்குத் தப்பாது.”

குருவம்மாள் வேறு வழி சொன்னாள். சுருங்கிப்போன விரல்களால் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, “ஏ புள்ள, எனக்குக் குடுத்த வாக்க நான் விட்டுட்டேன். மேடையேறி வேற பாட்டுப் பாடு. ஒன் பொழப்பக் கெடுத்துக்காத” என்றாள்.

“நீ விட்டுட்டக்கா. பக்கத்துக் கட்டில்ல கெடந்த ரெண்டு பேரும் வந்து விடணுமே?”

கூட்டத்தன்று விடிந்ததும் முதல் பஸ்ஸில் மதுரைக்குப் போனாள். தேவசகாயத்தின் மேசையில் ஒப்பந்தத் தாளை வைத்தாள்.

“அண்ணாச்சி, இன்னைக்குச் சாயங்காலம் நான் பாடப் போறேன். தெரியாமப் பாடுனான்னு நாளைக்கு யாரும் சொல்லக் கூடாது. அதான் வந்தேன்.”

அவர் தாளைக் கையில் எடுத்தார். “நான் உனக்கு என்ன குறை வச்சேன்?”

“ஒரு கொறையும் வைக்கல. தப்பு என் மேலதான். என்ன செய்யணுமோ செய்ங்க, வாங்கிக்கிடுறேன்.”

சாயங்காலம் நாலு மணிக்கு மேடையேறினாள். “இந்தப் பாட்ட மேடையில பாட மாட்டேன்னு ஒரு நல்ல மனுசனுக்குக் கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கேன். இப்ப ஒங்க முன்னாடி அத மீறுறேன்” என்று சொல்லிவிட்டு முதல் பாட்டாக அதையே பாடினாள். இருளப்பன் கீழே நின்றபடியே உறுமியை எடுத்தார். இரண்டாம் அடியில் மைதானமே சேர்ந்து பாடியது.

பத்து நாள் ஒரு பெண்ணும் வேலைக்குப் போகவில்லை. பதினோராம் நாள் முதலாளி பூட்டை எடுத்து, இன்னொரு கதவும் வைத்தார். மதுரையிலோ தீப்பெட்டி முதலாளிகளின் மிரட்டலுக்குப் பயந்து தேவசகாயத்தின் கேசட்டுகளைக் கடைகள் திருப்பி அனுப்பின. கம்பெனி நொடித்து, எட்டுப் பேர் வேலை இழந்தார்கள். ஐந்து வருடமும் வேறு கம்பெனிக்குப் பாடக் கூடாது என்று அதே ஒப்பந்தத்தில் இருந்ததைக் காட்டி வெயிலுகந்தாளையும் அவர் கட்டிப் போட்டார். மீதி இரண்டு வருடம் அவள் குரலில் ஒரு கேசட்டும் வரவில்லை. அவள் எதிர்த்து வழக்குப் போடவும் இல்லை.

இரண்டு வாக்கும் தப்பாத வழி சொன்ன இருளப்பன், தனக்குக் கிடைத்த வாக்கைத் திருப்பிக் கொடுத்த குருவம்மாள், தெரிந்தே வாக்கை மீறிய வெயிலுகந்தாள். இவர்களில் யார் பக்கம் நியாயம்?

என் விடை: வெயிலுகந்தாள் பக்கம். இருளப்பன் வழியில் தாளில் எழுதிய எழுத்து காப்பாற்றப்பட்டிருக்கும். ஆனால் தேவசகாயம் பயந்த கூட்டம் எப்படியும் சேர்ந்திருக்கும். அவரை ஏமாற்றிவிட்டு, ஏமாற்றவில்லை என்று சாதிக்கும் வழி அது. குருவம்மாள் பெரிய மனசுக்காரி. ஆனால் தன் பங்கை மட்டுமே அவளால் விட முடியும். வெயிலுகந்தாள் தேவசகாயத்துக்குச் செய்தது தவறுதான், அவளும் அதை மறுக்கவில்லை. தவறே செய்யாமல் தப்பிக்க அன்று அவளுக்கு வழி இருக்கவில்லை. யாருக்குத் தவறு செய்தாளோ அவர் முகத்தைப் பார்த்துச் சொல்லிவிட்டுச் செய்தாள். உங்கள் தீர்ப்பு வேறானால் சொல்லுங்கள். சொல்வதற்கு முன் அந்த ஆபீஸின் உள்ளே ஒருமுறை, தேவசகாயத்தின் மூடிய கம்பெனி வாசலில் ஒருமுறை நின்று பார்த்துவிட்டுச் சொல்லுங்கள்.