டயரின் எதிர்ப்பக்கம்

"பிடிவாதக்காரன வழிக்குக் கொண்டாறது எப்படிங்கம்மா?"

ராக்கியப்பன் கேட்டார். கோபிச்செட்டிபாளையத்திலிருந்து பஸ் மாறி பஸ் மாறிக் கோத்தகிரி மலை ஏறி வந்தது இந்த ஒரு கேள்விக்காகத்தான்.

மரகதம்மா அங்கே தியானம் சொல்லிக்கொடுப்பவர். ராக்கியப்பனைவிட வயதில் சின்னவர்தான். ஆனாலும் அவருக்கு அம்மா. மரியாதைக்குக் குறைவைக்கிற ஊரா கோபி? ராக்கியப்பன் கன்றுக்குட்டியைக்கூடத் "தள்ளி நில்லுங்க" என்பார்.

அம்மா புல்வெளியில் சம்மணம் போட்டிருந்தார். தியானம் இல்லை. புல் வெட்டும் வண்டியின் சக்கரம் முன்னால் கிடந்தது. ஒட்டுப்போட்ட டியூபை டயருக்குள் திணித்துக்கொண்டிருந்தார்.

மழைக்குப் பிறகு புல் முழங்காலுக்கு வளர்ந்துவிட்டது. அட்டை கடித்தால் எப்பேர்ப்பட்ட தியானமும் கலைந்துபோகும்.

"யாருங்ணா அந்தப் பிடிவாதக்காரர்?"

"என்ற மச்சினன் தங்கமுத்துங்க. எம்மக கோகிலாவுக்குத் திங்கக்கெழம முகூர்த்தம். தாய்மாமன் மாலை போடோணும். வரமாட்டேங்கறான்."

"ஏனாம்?"

"பொங்கலுக்கு வந்திருந்தான். 'டேய், எலைய எடுறா'ன்னேன். அவன் மகனும் மகளும் பாத்துட்டு நின்னாங்களாம். அவமானமாப் போச்சாம். சின்னப் பையனா இருக்கயில தோள்ல தூக்கிட்டுத் திரிஞ்சவனுங்க நானு. 'டேய்'ங்காம வேறென்ன சொல்றது?"

அம்மா டயரின் அடி விளிம்பை ரிம்மில் மாட்டினார். அது சாதுவாக உட்கார்ந்துகொண்டது.

"அவங்கக்காவ அனுப்பிச்சேன். பங்காளிகள அனுப்பிச்சேன். கோயில் பூசாரியக்கூட அனுப்பிச்சேன். ஆளு போகப் போக இன்னும் முறுக்கிக்கறான்."

"கோகிலா என்ன சொல்லுது?"

ராக்கியப்பனின் குரல் உடைந்தது.

"மாமன் வராம மணவறை ஏறமாட்டேங்குதுங்க."

அம்மா டயரின் மேல் விளிம்பைப் பாதி வரை ஏற்றினார். பிறகு சக்கரத்தை அவர் பக்கம் தள்ளினார்.

"மேல் விளிம்பு பாதி ஏறிருச்சு. மீதிய நீங்க மாட்டுங்ணா."

கேட்ட கேள்விக்கு இது என்ன பதில் என்று ராக்கியப்பனுக்குப் புரியவில்லை. ஆனால் குரு சொன்னால் சொன்னதுதான். வேட்டியை மடித்துக் கட்டினார்.

ஏறாத இடத்தில் கட்டைவிரலை வைத்து அழுத்தினார். ஏறவில்லை.

குதிகாலால் மிதித்தார். ஏறவில்லை.

ஸ்க்ரூ டிரைவரைச் சொருகி நெம்பினார். ஒரு பக்கம் ஏறியது, நெம்பலை எடுத்ததும் பழையபடி வெளியே வந்தது. ஓங்கி ஒரு மிதி. சக்கரம் நழுவிப் போக, ராக்கியப்பன் புல்லில் உட்கார்ந்தார்.

"இதும் அவனாட்டவே இருக்குதுங்க!"

அம்மாவுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

"சோப்புத் தண்ணி தடவலாமுங்களா?"

"தடவியாச்சுங்ணா."

"இன்னொரு நெம்புகோல் இருக்குங்களா?"

"இருக்கு. டியூப் கிழிஞ்சா பரவால்லீங்களா?"

ராக்கியப்பன் ஸ்க்ரூ டிரைவரைக் கீழே வைத்தார்.

அம்மா எழுந்தார். சக்கரத்தைச் சுற்றிக்கொண்டு மறுபக்கம் போனார்.

"எங்கம்மா போறீங்க? ஏறாதது இந்தப் பக்கமுங்க."

அம்மா குனிந்தார். ஏற்கெனவே ஏறியிருந்த பக்கத்தில் இரண்டு முழங்காலையும் ஊன்றி அழுத்தினார். டயரின் விளிம்பு ரிம்மின் நடுவில் இருந்த பள்ளத்துக்குள் இறங்கியது.

"இப்ப தள்ளுங்ணா."

ராக்கியப்பன் கட்டைவிரலை வைத்தார். பொளக்கென்று உள்ளே போனது. இவ்வளவு நேரம் படுத்திய டயர்தானா இது என்று அவர் தடவிப் பார்த்தார்.

"நீங்க இந்தப் பக்கத்தத் தொடவே இல்லீங்களே!"

"ஆமாங்ணா."

"நடுவுல இருக்கற இந்தப் பள்ளம், வார்ப்புல வந்த கோளாறுன்னு நெனச்சனுங்க."

"எறங்கறதுக்குன்னே வெச்சதுங்ணா. அந்தப் பக்கம் மேட்டுலயே உக்காந்திருந்தா இந்தப் பக்கத்துக்கு எடம் ஏது?"

அம்மா காற்றடிக்கும் பம்பை எடுத்து நீட்டினார்.

ராக்கியப்பன் வாங்கவில்லை. ரிம்மையே பார்த்துக்கொண்டு நின்றார். பார்க்கப் பார்க்க அவர் முகம் சிவந்தது. ஊருக்கெல்லாம் அள்ளிக் கொடுக்கிற ஒன்றை ஒரே ஒருவனுக்கு மட்டும் கொடுக்காமல் வைத்திருந்தது அப்போதுதான் உறைத்தது. வெட்கமாக இருந்தது.

சோப்புக் கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு போனை எடுத்தார்.

மணி அடித்துக்கொண்டே இருந்தது. கடைசியில் தங்கமுத்து எடுத்தான்.

"சொல்லுங்க." கல்லாட்டம் ஒரு குரல்.

நாக்கு நுனி வரைக்கும் பழைய வார்த்தைதான் வந்தது. ராக்கியப்பன் அதை விழுங்கினார். தொண்டையைச் செருமிக்கொண்டார்.

"தங்கமுத்து... கல்யாணத்துக்கு வாங்க."

லைன் அறுந்துவிட்டதோ என்று ராக்கியப்பன் போனைக் காதிலிருந்து எடுத்துப் பார்த்தார். அறுபடவில்லை. மறுபடி காதில் வைத்தார்.

"அட, என்னங்க மாமா," என்றது தழுதழுத்த குரல். "என்னையப் போயி வாங்க போங்கன்னுட்டு... சும்மா 'டேய்'னே கூப்புடுங்க."