குத்திவிட்டு ஓடினான்

ஒரே ஒருவர் சொல்லை வைத்து, ஓடக்காரன் காத்தானுக்குக் கழு என்று சபை தீர்ப்புச் சொல்லிவிட்டது.

சொன்னவர் ஆற்றங்கரை மடத்துச் சீடர் அம்பலவாணர். நரைத்த தலை. பொய் சொல்லி அறியாதவர். மிளகு வணிகர் ஒருவர் துறை மண்டபத்தில் குத்துப்பட்டுச் செத்துக் கிடந்தார். அங்கிருந்து கையில் ரத்தத்தோடு காத்தான் ஓடியதைக் கண்டவர் இவர் மட்டும்தான். முந்தின நாள் படகில் மூட்டை ஏற்றுவதில் இருவருக்கும் வாய்ச்சண்டை. அது ஊருக்கே தெரியும். வைத்தியரைக் கூப்பிடத்தான் ஓடினேன் என்று காத்தான் கதறினான். சாமியார் பொய் சொல்வாரா என்று சபை அவன் வாயை அடைத்துவிட்டது.

மறுநாள் பொழுது சாயக் கழுவேற்றம். அன்று மத்தியானம் சாப்பிட உட்கார்ந்த அம்பலவாணருக்குச் சோறு இறங்கவில்லை. கண்டதைத்தானே சொன்னேன், பிறகு ஏன் நெஞ்சை அடைக்கிறது என்று குருவிடம் கேட்டார்.

குரு ரசச் சட்டியைக் கீழே வைத்தார்.

"சபையில் சொன்னதை அப்படியே சொல்லும்."

"குத்திவிட்டு ஓடினான் என்றேன்."

"ஓடினதைப் பார்த்தீரா?"

"பார்த்தேன் சாமி."

"குத்தினதை?"

அம்பலவாணர் இலையில் பருப்பைப் பிசைந்தார்.

"கையில் ரத்தம் இருந்தது..."

"ரத்தத்தை யார் கேட்டது? அந்தக் 'குத்திவிட்டு' எங்கிருந்து வந்தது?"

"பேச்சில்... தானாக வந்துவிட்டது."

"தானாக வந்ததற்கு ஒருத்தன் சாகப்போகிறான். நீர் பருப்பைப் பிசைந்துகொண்டிருக்கிறீர்."

நான் பொய் சொல்லவில்லையே என்று அம்பலவாணர் முனகினார்.

"பொய்யனாக இருந்திருந்தால் தேவலை. நாலு பேர் குறுக்கே கேட்டிருப்பார்கள். உம்முடைய காவியைப் பார்த்து ஒருத்தனும் கேட்கவில்லை. எழுந்திரும்."

இப்போது மாற்றிச் சொன்னால் மடத்தின் பெயர் என்னாவது என்று அவர் இழுத்தார். குரு அவர் இலையைச் சோற்றோடு எடுத்துப் போய் மாட்டுக்குப் போட்டார்.

அம்பலவாணர் கைகூடக் கழுவாமல் ஓடினார்.

சபை அவரை வாய்க்கு வந்தபடி ஏசியது. நேற்று ஒரு நாக்கு, இன்று ஒரு நாக்கா சாமி என்று சிரித்தார்கள். 'ஓடினான்' என்பதற்கு மேல் அவர் ஒரு சொல் சொல்லவில்லை. அதை மட்டும் வைத்து ஒருவனைக் கழுவில் ஏற்ற முடியவில்லை. வேண்டாவெறுப்பாகக் காத்தானை அவிழ்த்துவிட்டார்கள். கொன்றது யார் என்பது அப்போதும் தெரியவில்லை.

அம்பலவாணர் திரும்பி வந்து குருவின் காலில் விழுந்தார். நீங்கள் மட்டும் கேட்டிராவிட்டால் ஓர் உயிர் போயிருக்கும் என்றார்.

குரு காலை இழுத்துக்கொண்டார்.

"அது என் கேள்வியே இல்லை. நீர் ஆற்றில் குளித்துக்கொண்டிருந்தபோது காத்தான் பெண்டாட்டி வாசலில் நின்று கத்தினாள். குத்தினதைச் சாமி பார்த்தாரா, அதை மட்டும் கேட்டுச் சொல்லுங்கள் என்றாள். பைத்தியம் என்று நம் ஆட்கள் விரட்டினார்கள். நேற்று நீர் கிளம்பின பிறகு சபையிலும் கேட்டிருக்கிறாள். பொம்பளைக்கு இங்கே என்ன பேச்சு என்றார்களாம். அத்தனை ஆம்பளைகளில் ஒருத்தனுக்கும் தோன்றவில்லை. விழுவதானால் அவள் காலில் போய் விழும்."

"அவள் பெயர் என்ன சாமி?"

"அதைக்கூடக் கேட்கவில்லையா நீர்? செம்பாயி."