ஒரு நாள் பிந்திய கண்ணாடி

வெகு காலத்துக்கு முன்பு, மீன்கள் மனிதரோடு பேசுவதை நிறுத்திச் சில நாட்களே ஆகியிருந்த காலத்தில், கருமணி ஆறு என்று ஓர் ஆறு ஓடியது. ஆற்றின் இந்தப் பக்கம் நொச்சிக்கரை. அங்கே கோரை அறுத்துப் பாய் பின்னுகிறவர்கள் இருந்தார்கள். அந்தப் பக்கம் வாகைக்கரை. அங்கே ஆடு மேய்க்கிறவர்கள் இருந்தார்கள். ராஜாவின் அரண்மனை ஏழு நாள் நடை. வழக்கு என்றாலும் வம்பு என்றாலும் ஓடிப்போய்ச் சொல்ல ஆள் கிடையாது. இரண்டு ஊருக்கும் நடுவில் இருந்தது ஒரு கல்வரிசையும் ஒரு வழக்கமும்தான்.

கல்வரிசையில் ஆற்றைக் கடக்கிறவர் நடுக்கல்லில் நிற்க வேண்டும். குனிந்து இரண்டு கைகளையும் நனைக்க வேண்டும். ஈரக் கைகளை உயர்த்தி, "வெறுங்கை! வெறுங்கை!" என்று கூவ வேண்டும். எதிர்க்கரையில் யாராவது "வா!" என்பார்கள். அதற்குப் பிறகு பாய் விற்கலாம், மோர் குடிக்கலாம், பெண்ணும் கேட்கலாம்.

நொச்சிக்கரையில் மருதாயி என்று ஒருத்தி இருந்தாள். நாலு பேர் கூடிய இடத்தில் அவள் நாக்கு அசையாது. ஆனால் கண் சும்மா இருக்காது. யார் பாயில் எந்த இழை தப்பியிருக்கிறது என்பதைத் தூரத்திலிருந்தே கண்டுபிடித்துவிடுவாள். அவளுக்கு இருந்த ஒரே சொந்தம் அண்ணன் சடையன்.

ஒரு நாள் காலை ஊருக்குள் ஒருவன் வந்தான். கோரைத்தட்டை மாதிரி மெலிந்தவன். வெயிலில் நின்றும் அவனுக்கு நிழல் விழவில்லை. அதை மருதாயி மட்டும் கவனித்தாள். அவன் முதுகில் ஓர் ஆள் உயரக் கண்ணாடி இருந்தது.

"அக்கரையில என்ன நடக்குதுன்னு இது காட்டும்" என்றான். "எனக்கு எதுவும் வேண்டாம். நீங்க பாத்துக்கிட்டே இருந்தாப் போதும்."

ஊர்த்தலைவர் வேலாண்டி எட்டிப் பார்த்தார். கண்ணாடிக்குள் வாகை மரங்கள் தெரிந்தன. மரத்தடியில் ஆட்கள் உட்கார்ந்து அரிவாள் தீட்டினார்கள். அவர்கள் முகம் மட்டும் புகை படிந்தது போல மங்கலாக இருந்தது.

"ஆடு மேய்க்கிறவனுக்கு எதுக்குய்யா இத்தனை அரிவா?" என்றார் வேலாண்டி. நொச்சிக்கரையிலும் முதல் நாள் கோரை அறுவடைக்காக அரிவாள் தீட்டியிருந்தார்கள். அது யாருக்கும் நினைவு வரவில்லை.

பார்த்தார்கள். பயந்தார்கள். மெலிந்தவன் ஒரு சுற்றுப் பருத்தான்.

அன்று எல்லா வீட்டிலும் அரிவாளை வாசற்கதவில் சொருகி வைத்தார்கள். மறுநாள் கண்ணாடியில் பார்த்தால், வாகைக்கரையின் ஒவ்வொரு வாசலிலும் ஓர் அரிவாள்!

பார்த்தார்கள். பயந்தார்கள். அவன் இன்னொரு சுற்றுப் பருத்தான்.

ஊர் கூடியது. "அவங்க பக்கம் புல்லு காஞ்சுபோச்சு. நம்ம மேட்டுக்கு வரப் பாக்கறாங்க" என்றார் ஒருவர். "அதெல்லாம் இல்ல, பாட்டன் காலத்துப் பகை" என்றார் இன்னொருவர். "அவனுங்க பொறப்பே அப்படித்தான்" என்றார் மூன்றாமவர். மூன்றுக்கும் தலையாட்டிவிட்டு எல்லோரும் ஈட்டி செய்யப் போனார்கள்.

மூங்கிலில் இரும்பு முனையைப் பொருத்திக் கோரைக்கயிற்றால் இறுக்கிக் கட்டுவது பெண்களின் வேலை. மருதாயி நாற்பது ஈட்டி கட்டினாள். கடைசி ஈட்டி சடையனுக்கு. பாதிக் கட்டிலேயே கயிறு தீர்ந்துவிட்டது. அதன் மேல் தன் பச்சைச் சேலையின் ஓரத்தைக் கிழித்துக் கட்டினாள். அவசரத்தில் முடிச்சு கோணலாக விழுந்தது. ஒரு நுனி வால் போலத் தொங்கியது.

"என்னடி இது, ஈட்டிக்குக் குஞ்சமா?" என்று சிரித்தான் சடையன். "எதிரி இதைப் பாத்துச் சிரிச்சே செத்துருவான் போ."

அவளுக்குச் சிரிப்பு வரவில்லை. முன்வரிசையில் அவனைத்தான் நிறுத்தியிருந்தார்கள்.

மூன்றாம் நாள் காலை மறுபடி கண்ணாடியைப் பார்த்தார்கள். வாகை மரத்தடியில் ஈட்டிக் குவியல்! பெண்கள் அலறினார்கள். வேலாண்டியின் உதடு வெளுத்தது. "உச்சிவேளையில பறை அடிச்சதும் இறங்குங்க. அவங்க முந்திக்கிட்டா நம்ம பிள்ளைகள்ல ஒண்ணு மிஞ்சாது."

பார்த்தார்கள். பயந்தார்கள். வந்தவன் இப்போது நெற்குதிர் மாதிரி இருந்தான். நகர முடியாமல் நகர்ந்து ஆற்றுப் பக்கம் போனான்.

மருதாயி மட்டும் கண்ணாடி முன்னால் நின்றாள். குவியலின் மேலே கிடந்த ஓர் ஈட்டியைப் பார்த்தாள். பச்சைத் துணிக்கட்டு. கோணல் முடிச்சு. வால் போல ஒரு நுனி.

அண்ணனின் ஈட்டி அங்கே எப்படிப் போனது? ஓடிப்போய்ப் பார்த்தாள். அது சடையன் கையிலேயே இருந்தது.

அப்படியானால் கண்ணாடியில் தெரிந்தது யார்?

அவளுக்குப் புரிந்தபோது பயம் இரண்டு மடங்கானது. நாக்கை இழுத்துப் பிடித்துக்கொண்டு வேலாண்டி முன்னால் போய் நின்றாள். "ஐயா, அது நாமதான். நேத்து நாம செஞ்சதை இன்னிக்கு அவங்க செய்யற மாதிரி காட்டுது."

"பச்சைத் துணி அவங்க ஊர்ல கிடைக்காதா?"

"முடிச்சு என்னோடது, ஐயா."

"பயத்துல உளறாதே, போ."

"போன வருஷமும் புல்லு காஞ்சுது. போன வருஷமும் பகை இருந்துது. அவங்க பொறப்பும் மாறல. அப்ப ஏன் சண்டை வரல? இந்த வருஷம் புதுசா வந்தது கண்ணாடி ஒண்ணுதானே?"

அத்தனை வார்த்தைகளை அவள் ஒருசேரப் பேசி யாரும் கேட்டதில்லை. ஆனாலும் பறைக்காரர் பறைத்தோலை நெருப்பில் காய்ச்சிக்கொண்டிருந்தார். சூரியன் உச்சிக்கு ஒரு முழம் கீழே நின்றது.

அக்கரையிலும் அவன் ஒரு கண்ணாடி வைத்திருக்கக்கூடும். வாகைக்கரைக்காரர்களுக்கு உண்மையைக் காட்டினால்தான் உண்டு. காட்ட ஈட்டி வேண்டும். ஈட்டியோடு போனால் நடுக்கல்லைத் தாண்டும் முன்பே கொன்றுவிடுவார்கள். மருதாயி அண்ணன் கையிலிருந்து ஈட்டியைப் பிடுங்கினாள். கட்டுக்குக் கீழே மூங்கிலை ஒடித்தாள். முனைத்துண்டை ஒரு கயிற்றில் கட்டி, கயிற்றின் மறுமுனையைத் தன் கணுக்காலில் முடிந்தாள். ஈட்டிமுனை தண்ணீருக்குள் இழுபட, கல்வரிசையில் நடந்தாள்.

"மருதாயி, திரும்பி வா!" என்று கத்தினான் சடையன்.

நடுக்கல்லை ஒட்டிய பாறையில், கண்ணாடி கொண்டுவந்த அந்த மாயாவி உட்கார்ந்திருந்தான். இரண்டு கரையையும் மாறி மாறிப் பார்த்து நாக்கால் உதட்டை நனைத்தான்.

"வா தாயி" என்றான். "எதிர்ல பாரு. நாப்பது வில்லு. எல்லாம் உன் நெஞ்சுக்கு நேரா. கொஞ்சம் பயப்படு, பசிக்குது."

பார்த்தாள். பயந்தாள். மாயாவியின் தொந்தி அவள் கண்முன்னே ஒரு விரற்கடை பெருத்தது. அவள் குனிந்தாள். கைகளை நனைத்தாள். உயர்த்தினாள்.

"வெறுங்கை! வெறுங்கை!"

யாரும் "வா" என்று சொல்லவில்லை. ஓர் அம்பு காதை உரசிக்கொண்டு போனது. கழுத்தில் ரத்தம் சூடாக இறங்கியது. அவள் கையைக் கீழே போடவில்லை.

"என் கால்ல ஒரு கயிறு இருக்கு" என்று கூவினாள். "நான் தொடமாட்டேன். நீங்களே வந்து இழுத்துப் பாருங்க!"

பிறகு வாகைக்கரையின் தலைவி பேச்சி, இடுப்பில் கத்தியோடு கல் கல்லாக வந்தாள். கத்திமுனையை மருதாயியின் தொண்டையில் வைத்தாள். இன்னொரு கையால் கயிற்றை இழுத்தாள்.

"ஈட்டி! வஞ்சகி!"

"அக்கா, உங்க கிட்டயும் கண்ணாடி இருக்கா?"

பேச்சியின் கண் இடுங்கியது. "இருக்கு. சாயங்காலம் சாயங்காலம் பாப்போம். நீங்க செய்யறது எல்லாம் தெரியும்."

"அதுல எங்க ஈட்டி எதுல கட்டியிருந்துது?"

"ஆட்டு நரம்புல. ஏன்?"

"எங்க ஊர்ல ஒரு ஆடு உண்டா, அக்கா? நாங்க கோரைக்கயித்துல கட்டறவங்க. ஆட்டு நரம்புல கட்டறது யாரு?"

பேச்சி கையிலிருந்த ஈட்டியைப் புரட்டிப் பார்த்தாள். பச்சைத் துணி, அதற்குள்ளே கோரைநார். ஒரு துளி நரம்பு இல்லை. திரும்பித் தன் கரையில் நின்றவர்களின் ஈட்டிகளைப் பார்த்தாள். எல்லாவற்றிலும் நரம்புக்கட்டு பளபளத்தது.

"நாங்க எங்களையே பாத்தா பயந்தோம்?" அவள் கத்தியைத் தாழ்த்தினாள். "நாளைக்கு உங்களை வெட்டறதா இருந்தோமே! புல்லுக்காகன்னு சொன்னாங்க, பழம்பகைன்னு சொன்னாங்க, உங்க பொறப்பு அப்படின்னு சொன்னாங்க..."

"எங்க ஊர்லயும் அதே மூணுதான், அக்கா."

பேச்சி கரையைப் பார்த்துக் கத்தினாள். "அந்தக் கண்ணாடியைக் கொண்டாங்கடா, உடைச்சுப் போடறேன்!"

நொச்சிக்கரையில் பறையின் முதல் அடி விழுந்தது.

"உடைக்காதீங்க. அவனுக்குக் காட்டுங்க!" என்றாள் மருதாயி.

நான்கு பேர் கண்ணாடியைத் தூக்கி வந்து மாயாவியின் முகத்துக்கு நேராக நிறுத்தினார்கள். அவன் கண்ணை மூடப் பார்த்தான். கொழுப்பில் இமை மூடவில்லை. கண்ணாடிக்குள் முகம் மங்கிய ஒருவன், பருத்த வயிறோடு, நாக்கால் உதட்டை நனைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான்.

"ஐயோ! யாரோ ஒருத்தன் என்னைத் தின்ன வர்றான்!"

பார்த்தான். பயந்தான். தன் பயத்தைத் தின்ன அவனால் முடியவில்லை. ஒரு சுற்று இளைத்தான். இன்னொரு சுற்று. மறுபடி கோரைத்தட்டையாகி, பாறையிலிருந்து நழுவித் தண்ணீரில் விழுந்து, சுழன்று சுழன்று போனான். இரண்டு ஊர்க் கண்ணாடிகளும் அந்த நொடியே வெறும் மணலாகச் சரிந்தன.

பறையில் இரண்டாவது அடி விழவில்லை. முகத்தை மறைத்த புகை விலகினாற்போல இரண்டு கரைக்காரர்களும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். அழைக்காமலே சடையன்தான் முதலில் ஓடி வந்தான். நடுக்கல்லில் நின்றான், கையை நனைத்தான், "வெறுங்கை" என்று கூவப் போய் அழுதுவிட்டான்.

"வாடா!" என்றாள் பேச்சி.

அந்த ஈட்டிகளெல்லாம் ஆட்டுப்பட்டிக்கு வேலியாகவும் பாய் உலர்த்தும் கம்பாகவும் ஆயின. பச்சைத் துணி கட்டிய துண்டை மட்டும் நடுக்கல்லின் இடுக்கில் சொருகிவைத்தார்கள். வருஷத்தின் முதல் மோர் மருதாயிக்கு என்று வாகைக்கரையில் ஒரு புது வழக்கமும் வந்தது. அக்கரையில் என்ன நடக்கிறது என்று தெரிய வேண்டுமானால் இப்போது ஆள் அனுப்புகிறார்கள்.

மிதந்து போனவன் எந்த ஊரில் கரையேறினான் என்பது மட்டும் யாருக்கும் தெரியாது. அவர்கள் அக்கரையில் மோர் குடித்தார்கள். நாம் இக்கரையில் கதை கேட்டோம்.