கோட்டைக் கதவும் இருளப்பனும்

ஒரு ஊர்ல ஒரு வாள்வீரன் இருந்தான், பேரு இருளப்பன். ராஜா இல்லாத வீரன். "ம்" சொல்லு, அப்பத்தான் மேல சொல்வேன்.

முன்னெல்லாம் அவனுக்கு ராஜா இருந்தாரு. விடிஞ்சா முரசு திம் திம்னு அதிரும், குதிரைங்க டக டகன்னு வெளிய போகும். கோட்டை வாசல்ல இருளப்பன் நிப்பான். அப்புறம் கடல் தாண்டி வந்த கும்பினிக்காரங்க பீரங்கியால டமார் டமார்னு சுட்டாங்க. ராஜா விழுந்தாரு. சாகும்போது, "இருளப்பா, கதவைப் பாத்துக்க"ன்னாரு. "சரிங்க ராஜா"ன்னான்.

மதில் எல்லாம் சரிஞ்சு போச்சு, தேக்குக் கதவு மட்டும் நின்னுச்சு. மதில் இருந்த இடத்துல ஆடு போகும், வரும். இவன் பாட்டுக்குக் கதவு முன்னால வாளோட நிப்பான். கண்ணை மூடினா முரசு கேக்கும். பொண்டாட்டி பூவாயிதான் கஞ்சி கொண்டாந்து குடுப்பா.

அப்போ ஒருநாள் கும்பினி ஆளு வந்தான். "துப்பாக்கி தர்றோம், சிப்பாயா வா."

"எங்க ராஜாவைச் சுட்டவங்க சோறு எனக்கு எறங்காது, போ."

அப்புறம் ஒரு வியாபாரி வந்தான். "நல்ல தேக்கு. எனக்கு வித்துடேன்." சர்ர்ருன்னு வாளை உருவினான் பாரு! வியாபாரி எடுத்தான் ஓட்டம். தூங்கிட்டியா? இல்லையா? சரி.

அப்புறம் ஐப்பசி மழை. சோன்னு விடாம கொட்டுச்சு. கண்மாய்க் கரை பொளக்குன்னு உடைஞ்சுது. ஊரே மண்ணை அள்ளிக் கொட்டுது, தண்ணி நிக்கல. பூவாயி நனைஞ்சுக்கிட்டு ஓடியாந்தா.

"அந்தக் கதவைக் குடுங்க! இல்லேன்னா ஊரே போயிரும்!"

"வாக்குக் குடுத்திருக்கேன், பூவாயி."

"உள்ள யாரு இருக்கான்னு காக்குறீங்க?"

கதவுல நெத்தியை வெச்சு அப்படியே நின்னான். "மன்னிச்சிருங்க ராஜா"ன்னான். அப்புறம் தோளைக் குடுத்து முட்டினான். கிரீச்ச்ச்... தடால்! விழுந்த கதவை ஊர் சனம் தூக்கிட்டு ஓடி, உடைப்புல சாத்தி, கல்லும் மண்ணும் கொட்டுச்சு. தண்ணி நின்னுச்சு.

மறுநாள் விடிஞ்சதும் பழக்கத்துல வாளோட கோட்டை வாசலுக்குப் போனான். காக்க ஒண்ணும் இல்ல. அங்கயே உக்காந்து குலுங்கிக் குலுங்கி அழுதான். பூவாயியும் பக்கத்துல உக்காந்தா.

"ராஜா கோவிச்சுக்குவாராடி?"

"எனக்கென்ன தெரியும்? வாங்க, நாத்து நட ஆள் பத்தல."

போனான். சேத்துல எறங்கினான். நடத் தெரியல, கோணக்கா மாணக்கான்னு நட்டான். பொம்பளைங்க கொல்லுன்னு சிரிச்சாங்க. அவனும் சிரிச்சுட்டான், ராஜா போனதுக்கு அப்புறம் அன்னிக்குத்தான் மொத சிரிப்பு.

கதை கரை சேந்துச்சு. நீ தூங்கு, கண்ணு.